பாட்டில் ஒரு பெயர்

(செட்டிகுளத்தில் இளைஞர்கள் கூட்டிய கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



என்னை அழைக்க வந்த தம்பிகள் நாலு பேரும், "ஐயா, நீங்க ஒப்பாரி பத்திப் பேசுவீங்கன்னு தெரியும். எங்களுக்கு ராப் பத்திப் பேசணும்" என்று கேட்டார்கள். இரண்டும் ஒன்றுதானப்பா என்று சொல்லி அனுப்பிவிட்டேன். அது அவசரத்தில் சொன்ன சொல். இன்று ஆலத்தூர் கேட்டில் இறங்கி இந்த ஊருக்குள் வருவதற்குள் அதைத் திருத்திக்கொண்டேன். இரண்டும் பல வகையில் உறவுதான். ஆனால் ஒரு விஷயத்தில் நேர் எதிரானவை. அந்த ஒரு விஷயத்தைத்தான் இன்று பேச வந்திருக்கிறேன். அதற்கு நீங்கள் எல்லோரும் கேட்ட ஒரு பாட்டையே எடுத்துக்கொள்கிறேன். ‘என்ஜாய் எஞ்சாமி’.

2021ஆம் ஆண்டு மார்ச் 7ஆம் தேதி அந்தப் பாட்டு யூடியூபில் வெளியானது. எந்தப் படத்திலும் இடம்பெறாத தனிப்பாட்டு. பாடியவர்கள் தீ, அறிவு. இசைத் தயாரிப்பு சந்தோஷ் நாராயணன். நம் பக்கத்துத் திருச்சிக்காரர். காணொளியை இயக்கியவர் அமித் கிருஷ்ணன். வெளியிட்டது ‘மாஜா’ என்ற நிறுவனம், ஏ.ஆர். ரஹ்மானின் ஆதரவோடு, சினிமாவுக்கு வெளியே பாடுகிறவர்களுக்காகத் தொடங்கியது. கொரோனாவின் முதல் அலை ஓய்ந்து இரண்டாவது அலை எழும் முன்பிருந்த இடைவெளி அது. ஊரடங்கில் நடந்தே ஊர் திரும்பியவர்களின் கால்கள் நம் கண்ணிலிருந்து இன்னும் மறையவில்லை. அந்த நேரத்தில் மண்ணையும் மரத்தையும் பாட்டன் பூட்டனையும் கூப்பிட்டு ஒரு பாட்டு வந்தது. சின்னப் பிள்ளைகள் ஆடினார்கள். கல்யாண மண்டபத்தில் ஒலித்தது, டவுன் பஸ்ஸில் ஒலித்தது. அடுத்த வருஷத்துக்குள் 40 கோடி தடவைக்கும் மேல் பார்க்கப்பட்டது. தமிழில் சினிமாவின் கையைப் பிடிக்காமல் ஒரு பாட்டு இந்த அளவுக்கு நடந்து போனதை நான் அதற்கு முன்பு பார்த்ததில்லை.

முதல் தடவை கேட்டபோது என்னை நிறுத்தியது அதன் தாளமல்ல, ஒரு சொல். அம்மாயி. நம் பக்கத்தில் அம்மாவின் அம்மாவை அம்மாயி என்கிறோம், அப்பாவின் அம்மாவை அப்பாயி என்கிறோம். பள்ளிக்கூடம் போனதும் இரண்டு பேரையும் ‘பாட்டி’ என்று எழுதச் சொல்லிக் கொடுத்தார்கள். நானும் ஆசிரியனாகி முப்பது வருஷம் அதையே சொல்லிக் கொடுத்தேன். அந்தச் சொல் ஒரு பாட்டுக்குள்ளிருந்து, வெட்கப்படாமல், உலகம் முழுக்கக் கேட்கும்படி கூப்பிட்டபோது எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது.

அடுத்த சொல் எஞ்சாமி. ‘என் சாமி’ என்பதன் நாட்டு வழக்கு. இந்த ஒரு சொல்லுக்குள் இரண்டு தமிழ்நாடு இருக்கிறது. அப்பாயி பேரனைத் தூக்கிக் கொஞ்சும்போது "எஞ்சாமி, எந்தங்கம்" என்பாள். அதே அப்பாயி பண்ணை வாசலில் நின்று கூலி கேட்கும்போது, தன் பேரன் வயதுள்ள ஒரு பையனைப் பார்த்து "சாமி" என்று கைகட்டிச் சொல்லியிருப்பாள். ஒரே சொல்தான். ஒன்று மடியிலிருந்து வந்தது, இன்னொன்று பயத்திலிருந்து வந்தது. அந்தப் பயத்தின் சொல்லைப் பிடுங்கி மடிக்கே திருப்பிக் கொடுத்தது அந்தப் பாட்டு. தலைப்பிலேயே இந்த வேலையைச் செய்துவிட்டது என்பதுதான் எனக்கு அதிசயம்.

இனி நான் ஒப்பாரி தேடிப் போன கதையைச் சொல்லியாக வேண்டும். கல்லூரி முடித்த புதிது. இந்த வட்டாரத்திலேயே ஒரு ஊரில், அறுபது தாண்டிய ஒரு அம்மா. வெங்காயக் காட்டில் தாள் அரிந்துகொண்டிருந்தார். ஒரு கையில் வெங்காயக் கொத்து, கால் கட்டை விரலிடுக்கில் நிறுத்திய அரிவாள், தாளும் வேரும் ஒரே இழுப்பில் போய்விடும். அந்த வேகத்தை நிறுத்தாமலே எனக்குப் பாடிக் காட்டினார். ஒவ்வொரு அடியின் முடிவிலும் ஒரு இழுப்பு, அந்த இழுப்பு முடியும் இடத்தில் அரிவாள். பக்கத்தில் இருந்த பெண்கள் அதை வாங்கிச் சொன்னார்கள். சாவு வீட்டில் மாரில் விழும் கை, அங்கே வெங்காயத்தில் விழுந்தது. பதினெட்டுப் பாடல் எழுதினேன். "பேரு என்னம்மா, போட்டுக்கறேன்" என்று கேட்டேன். "பாட்டு என்னுதா சாமி? எங்க ஆத்தா அழுதது. அதுக்கு முன்ன யாரு அழுதாளோ" என்றார். நானும் விட்டுவிட்டேன். பாடல்கள் ஒரு மலரில் அச்சாயின. அடியில் ‘சேகரித்தவர்’ என்று என் பெயர் இருந்தது. அந்த அம்மாவின் பெயர் இல்லை. அவர் என்னையும் சாமி என்று கூப்பிட்டார் என்பது எனக்கு உறைக்கவே பல வருஷம் ஆயிற்று.

நான் சொல்ல வந்த விஷயம் இதுதான். ஒப்பாரி பெயர் சொல்லாத கலை. செத்தவர் பெயர் வரும், செத்தவரின் பெருமை வரும், பாடுகிறவளின் குறையெல்லாம் வரும். பாடுகிறவளின் பெயர் வராது. ராப் அப்படியல்ல. அது தன் பெயரைச் சொல்லித்தான் தொடங்கும். நான் யார், எந்தத் தெரு, எந்தச் சேரி, எவர் பிள்ளை என்று மைக்கைப் பிடித்ததும் சொல்வது அதன் இலக்கணம். பெயர் மறுக்கப்பட்டவர்கள் உண்டாக்கிய கலை என்பதால் அப்படி.

அது பிறந்த இடத்தைக் கொஞ்சம் பாருங்கள். 1973ஆம் ஆண்டு ஆகஸ்ட் 11. நியூயார்க் நகரத்தில் பிராங்க்ஸ் என்ற பகுதி. செட்ஜ்விக் அவென்யூவில் 1520ஆம் எண் அடுக்குமாடிக் குடியிருப்பு. ஜமைக்காவிலிருந்து குடியேறிய ஒரு குடும்பத்துப் பையன், டிஜே கூல் ஹெர்க் என்று பெயர் வைத்துக்கொண்டவன், தன் தங்கை நடத்திய விருந்தில் இசைத்தட்டு ஓட்டினான். பாட்டில் பாடகர் ஓய்ந்து தாளம் மட்டும் தனியாக வரும் இடத்தில்தான் ஜனம் அதிகம் ஆடுகிறது என்பதைக் கவனித்திருந்தான். ஒரே இசைத்தட்டின் இரண்டு பிரதிகளை வைத்துக்கொண்டு அந்த இடத்தையே மாற்றி மாற்றி நீட்டினான். அந்த நீட்டிய தாளத்தின் மேல் பேசியதுதான் ராப். நம் ஊர்த் திருவிழாவில் பறை அடிக்கிறவர், ஆட்டக்காரர் கால் சூடு பிடித்ததும் அதே அடியைத் திரும்பத் திரும்பப் போட்டு நிறுத்துவாரே, அந்தக் கணக்குதான்.

ஆறு வருஷம் கழித்து 1979இல் ‘ராப்பர்ஸ் டிலைட்’ என்ற சிங்கிள் வந்தது. அமெரிக்காவின் முதல் நாற்பது பாடல் வரிசையில் ஏறிய முதல் ராப் அதுதான். பாடியவர்களில் ஒருவர் பிக் பேங்க் ஹேங்க், பிட்சா கடையில் வேலை பார்த்தவர். அவர் பாடிய பகுதி அவர் எழுதியதல்ல. கிராண்ட்மாஸ்டர் கேஸ் என்ற வேறொரு கலைஞரின் நோட்டுப் புத்தகத்திலிருந்து எடுத்தது. எடுத்தவர் அப்படியே எடுத்துவிட்டார். அதில் கேஸ் தன் பட்டப்பெயரை எழுத்துக்கூட்டிச் சொல்லும் இடமும் இருந்தது. ஹேங்க் அதையும் அப்படியே பாடினார். ஆக, உலகம் முழுக்க விற்ற அந்தத் தட்டில் எழுதியவரின் பெயர் ஒலிக்கிறது. உறையில் அந்தப் பெயர் இல்லை. அதே பாட்டின் அடித்தாளம் ‘ஷிக்’ என்ற குழுவின் ‘குட் டைம்ஸ்’ பாட்டிலிருந்து வந்தது. அந்தக் குழுவின் நைல் ராட்ஜர்ஸும் பெர்னார்ட் எட்வர்ட்ஸும் வழக்குப் போடுவோம் என்றதும் அவர்கள் பெயர் சேர்க்கப்பட்டது. மெட்டுக்குச் சொந்தக்காரர்களுக்கு வக்கீல் இருந்தார். சொல்லுக்குச் சொந்தக்காரனிடம் ஒரு நோட்டுப் புத்தகம் மட்டும் இருந்தது. தம்பிகளே, இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், மறுபடி இங்கே வருவோம்.

பாட்டுக்குள் பெயர் வைப்பதை நாம் பிராங்க்ஸிலிருந்து கற்றுக்கொள்ளவில்லை. திருஞானசம்பந்தர் பதிகம்தோறும் கடைசிப் பாட்டில் தன் பெயரையும் ஊரையும் சொல்வார். திருக்கடைக்காப்பு என்பது அதற்குப் பெயர். கீர்த்தனைக்காரர்கள் முத்திரை வைத்தார்கள். சித்தர்களும் தங்களுக்கென்று ஒரு விளி வைத்துக்கொண்டார்கள். ஏடு கறையானுக்குப் போனாலும் பாட்டு வாயில் இருக்கும்வரை பெயரும் இருக்க வேண்டும் என்ற முன்யோசனை அது. முத்திரை வைக்காமல் போனவர்கள் கதி என்ன? குறுந்தொகையைத் தொகுத்தவர்களுக்குச் சில புலவர்களின் பெயரே கிடைக்கவில்லை. ஆனாலும் விடவில்லை. அவர்கள் பாட்டில் வந்த அழகான தொடரையே பெயராக வைத்தார்கள். செம்புலப் பெயனீரார், அணிலாடு முன்றிலார், மீனெறி தூண்டிலார். பெயர் தெரியாத இடத்திலும் ஒரு பெயரைப் போட்டுத்தான் ஏட்டில் ஏற்றுவது என்று இருந்த அந்தத் தொகுப்பாசிரியரை நினைத்தால், ‘சேகரித்தவர்’ என்று என் பெயரைப் போட்டுக்கொண்ட எனக்குத் தலை குனிகிறது.

‘என்ஜாய் எஞ்சாமி’யில் என்ன நடந்தது? எழுதிய அறிவு, அரக்கோணத்துக்காரர். அறிவரசு கலைநேசன் முழுப்பெயர். இயக்குநர் பா. இரஞ்சித்தின் முயற்சியில், இசையமைப்பாளர் டென்மாவோடு உருவான ‘தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ குழு 2018 ஜனவரியில் சென்னைக் கீழ்ப்பாக்கத்தில் முதல் மேடை ஏறியது. அந்தக் குழுவில் வந்தவர். சாதியற்ற தமிழர் என்று அயோத்திதாசப் பண்டிதர் சொன்னதிலிருந்து குழுவின் பெயர் வந்தது. 2019இல் ஆஃப்ரோ என்ற இசையமைப்பாளரோடு ‘தெருக்குறள்’ என்ற தொகுப்பை வெளியிட்டார். இந்தப் பாட்டுக்குள் அவர் தன்னை எப்படி அறிமுகப்படுத்திக்கொள்கிறார் தெரியுமா? வள்ளியம்மாளின் பேரன் என்று. வள்ளியம்மாள் அவருடைய பாட்டி. காணொளியிலும் அந்த அம்மா வருகிறார். ராப் கலைஞன் தன் பெயரைச் சொல்ல வேண்டிய இடத்தில் தன் பாட்டியின் பெயரைச் சொல்கிறான். ஒப்பாரியில் என்றைக்கும் வராத பெயர், ராப்பின் இலக்கணத்தைக் கைமாற்றிக் கொடுத்ததால் பாட்டுக்குள் வந்துவிட்டது. என்னைக் கேட்டால் இந்தப் பாட்டின் உயிர் அங்கே இருக்கிறது. நடனத்துக்கும் பாட்டில் வரும் ‘குக்கூ’வுக்கும் அப்புறம்தான் இடம்.

வள்ளியம்மாளின் கதை நமக்குத் தூரத்துக் கதையல்ல. இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் தமிழகம் திரும்பிய சனத்தின் கதை. அங்கே போனவர்களில் பெருங்கூட்டம் பழைய திருச்சிராப்பள்ளி ஜில்லாவிலிருந்து போனது. பெரம்பலூர் 1995இல்தான் தனி மாவட்டம். அதற்கு முன்பு நாம் எல்லோரும் திருச்சிக்காரர்கள். மழை பொய்த்த வருஷத்தில் கங்காணி வந்தான், முன்பணம் கொடுத்தான், குடும்பத்தோடு கூட்டிப் போனான். தோட்டம் மாற வேண்டுமென்றால் கடன் தொகை எழுதிய ‘துண்டு’ என்ற சீட்டு வேண்டும். சீட்டில் எழுதிய கடனைப் புதுத் தோட்டம் கட்டினால் ஆள் போகலாம். ஆளை விற்பதற்கும் இதற்கும் எவ்வளவு வித்தியாசம் என்று நீங்களே யோசியுங்கள்.

முதலில் காப்பி, அந்தச் செடிக்கு இலைநோய் வந்து அழிந்ததும் தேயிலை. காட்டை அழித்ததும் இவர்கள், கன்று நட்டதும் இவர்கள், கொழுந்து கிள்ளியதும் இவர்கள். 1948இல் இலங்கை சுதந்திரம் பெற்ற கையோடு வந்த குடியுரிமைச் சட்டம் இவர்களை நாடற்றவர்கள் ஆக்கிற்று. 1964 அக்டோபர் 30ஆம் தேதி இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்துப் போட்டார்கள். 9,75,000 பேரைக் கணக்குப் போட்டு, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்று ஒப்பந்தம். மனிதர்களைப் பிரித்த அந்தக் கணக்கில் எந்தப் பெயரும் இல்லை. போகிறாயா இருக்கிறாயா என்று அந்த மனிதர்களை முதலில் யாரும் கேட்கவும் இல்லை. மரம் வளர்த்தவளின் தாகம் தீரவில்லை என்று பாட்டில் ஒப்பாரி வரும்போது எனக்குக் கேட்பது இந்தக் கணக்குதான்.

அதே இலங்கையில், வவுனியா மாவட்டத்திலும் ஒரு செட்டிகுளம் இருக்கிறது. 2009இல் போர் முடிந்தபோது லட்சக்கணக்கான தமிழர்களை முள்வேலிக்குள் அடைத்து வைத்த மெனிக் பாம் அந்த ஊர்ப் பக்கம்தான். எழுபதுகளின் கலவரங்களுக்குப் பயந்து, தேயிலைத் தோட்டங்கள் இருக்கும் மலையகத்திலிருந்து வன்னிக்கு ஓடி வந்தவர்களும் அந்த முகாமில் இருந்தார்கள். உங்கள் ஊர்ப் பெயரை அந்த நாட்களில் செய்தியில் கேட்டுத் திடுக்கிட்டவன் நான். ஒரு பெயர் எங்கெல்லாம் போய் எதையெல்லாம் சுமக்கிறது என்று பாருங்கள்.

இப்போது பாட்டு உருவான விதம். இதில்தான் பிற்பாடு சர்ச்சை எழுந்தது. ஆகையால் நிதானமாகச் சொல்கிறேன். 2020 டிசம்பரில் தீ, நம் வேர்களையும் இயற்கையையும் கொண்டாடும் ஒரு தமிழ்ப் பாட்டு வேண்டும் என்று கேட்டதாகவும், தான் இசையமைத்து, ஒழுங்கு செய்து, பதிவு செய்ததாகவும், மூவருமாகச் சேர்ந்து உருவாக்கியதாகவும், உரிமையும் வருமானமும் மூவருக்கும் சமம் என்றும் சந்தோஷ் நாராயணன் சொன்னார். அறிவு சொன்னது வேறு. தனக்கு யாரும் மெட்டோ ஒரு சொல்லோ எடுத்துக் கொடுக்கவில்லை, எழுதியதும் இசைத்ததும் பாடியதும் தான்தான் என்றார், ஆறு மாதம் தூங்காமல் உழைத்ததாகவும் சொன்னார். கூட்டு உழைப்பு என்பதை அவரும் மறுக்கவில்லை. அதே மூச்சில், தன் முன்னோரின் கதை அது என்பதையும் அழுத்திச் சொன்னார்.

ராப் பாட்டு எப்படிக் கட்டப்படுகிறது என்று தெரிந்தால் இந்தச் சண்டை ஏன் வருகிறது என்பதும் தெரியும். நம் பழைய முறையில் ஒருவர் மெட்டுப் போடுவார், ஒருவர் வரி எழுதுவார், ஒருவர் பாடுவார். மூன்று கதவு, மூன்று பூட்டு. ராப்பில் சொல்லே மெட்டு. எந்த அசையில் அழுத்துகிறாய், எங்கே மூச்சு விடுகிறாய், எந்த அடியில் தாளத்துக்கு முன்னால் விழுகிறாய் என்பதெல்லாம் எழுதுகிறவனின் நாக்கில் இருக்கிறது. தம்பிகள் அதை ‘ஃப்ளோ’ என்கிறார்கள். பீட் போடுகிறவர் வீடு கட்டுகிறார் என்றால், எழுதுகிறவன் அதில் நடக்கிற நடையாலேயே அறைகளை உண்டாக்குகிறான். அதிலும் அறிவின் சொற்கட்டு சாதாரணமானதல்ல. ராப் அடியின் முடிவில் ஒலி சேர்க்கும், நாம் இயைபு என்போம். தமிழ் யாப்பு அடியின் தொடக்கத்தில் எதுகையும் மோனையும் சேர்க்கும். இந்தப் பாட்டில் தலையிலும் ஒலி சேர்கிறது, வாலிலும் சேர்கிறது. தாலாட்டிலும் ஒப்பாரியிலும் ஊறிய நாக்குக்குத்தான் அது வரும்.

அதற்காக மற்ற இருவர் உழைப்பைக் குறைத்துச் சொல்ல நான் வரவில்லை. கொண்டாட்டமாகத் தொடங்கிப் போகப்போக அழுகைக்கு இறங்கும் அந்தப் பாட்டின் சரிவு, ஒரு தேர்ந்த இசைக்காரரின் கையால்தான் அமைந்திருக்கிறது. தீயின் குரலில் ஒரு கரகரப்பு இருக்கிறது, அழுது முடித்தவளின் தொண்டை மாதிரி. அந்தக் குரல் இல்லாவிட்டால் பாட்டு பாதி தூரம்தான் போயிருக்கும். மூவருக்கும் உரியது மூவருக்கும் உரியதுதான்.

ஆனால் வரவேற்பு என்று ஒன்று இருக்கிறதே, அது மூவரையும் ஒரே மாதிரி பார்க்கவில்லை. 2021 ஆகஸ்டில் ‘ரோலிங் ஸ்டோன் இந்தியா’ இதழின் அட்டையில் தீயும் கனடாவின் ராப் கலைஞர் ஷான் வின்சென்ட் டி பாலும் வந்தார்கள். ஒருவர் ‘என்ஜாய் எஞ்சாமி’ பாடியவர், இன்னொருவர் ‘நீயே ஒளி’ பாடியவர். இரண்டு பாட்டுக்கும் வரி எழுதியதில் பங்குள்ள அறிவு அட்டையில் இல்லை. பா. இரஞ்சித் அதை வெளிப்படையாகக் கேட்டார். கேள்வி பெரிதானது. பிறகு அந்த இதழ் அறிவுக்கென்று ஒரு மின்னிதழ் அட்டை வெளியிட்டது. அதே காலத்தில் டிஜே ஸ்னேக் என்ற பிரெஞ்சுக் கலைஞர் பாட்டை மறு கலவை செய்தார். நியூயார்க் டைம்ஸ் சதுக்கத்தில் விளம்பரப் பலகை எழுந்தது. அதிலும் தீ இருந்தார், டிஜே ஸ்னேக் இருந்தார், வரி எழுதியவர் இல்லை.

மறு வருஷம் ஜூலை 28. சென்னையில் 44ஆவது செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழா. நேரு உள்விளையாட்டரங்கம், உலகத்துப் பிரதிநிதிகள், பிரதமர், முதலமைச்சர். அந்த மேடையில் ‘என்ஜாய் எஞ்சாமி’ பாடப்பட்டது. தீயோடு சேர்ந்து பாடியவர் கிடாக்குழி மாரியம்மாள். நாட்டுப்புறப் பாட்டுக்கு வாழ்நாளைக் கொடுத்தவர், அவர் அந்த மேடைக்கு வந்ததில் எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் வள்ளியம்மாளின் பேரன் அங்கே இல்லை. அதன் பிறகுதான் அறிவு தன் மனக்குமுறலை எழுதினார், அதற்கு மற்ற இருவரும் பதில் எழுதினார்கள். அவரை வேண்டுமென்றே ஒதுக்கினார்களா, நடைமுறைக் காரணமா என்று தீர்ப்புச் சொல்லும் இடத்தில் நான் இல்லை. பார்க்கிறவனாக ஒன்று சொல்வேன். ‘நான் இன்னாரின் பேரன்’ என்று சொல்லும் பாட்டை அந்தப் பேரன் இல்லாமல் பாடும்போது அந்த வரி யாருடையது? நாற்பத்து மூன்று வருஷத்துக்கு முன்பு கேஸின் பெயரை வேறொருவர் எழுத்துக்கூட்டிப் பாடினாரே, அது எனக்கு ஞாபகம் வந்தது. இங்கே திருட்டு இல்லை, அந்த அர்த்தத்தில் ஒப்பிடவில்லை. பெயர் பாட்டுக்குள் ஒலிக்க, ஆள் வெளியே நிற்பதைச் சொல்கிறேன். அறிவு தலித் இளைஞர் என்பதை விட்டுவிட்டு இதைப் பேசுவதும் நேர்மையில்லை. இந்த நாட்டில் யார் பெயர் முதலில் விடுபடும் என்பதற்கு ஒரு வரிசை உண்டு. எல்லோருக்கும் தெரியும். வெங்காயக் காட்டில் நான் விட்ட பெயரும் அந்த வரிசைப்படிதான் விடுபட்டது.

பணக் கதையும் உண்டு. 2024 மார்ச்சில், பாட்டு வந்து மூன்று வருஷம் நிறைந்தபோது, சந்தோஷ் நாராயணன் ஒரு காணொளியில் பேசினார். இந்தப் பாட்டிலிருந்து தங்களுக்கு இதுவரை ஒரு பைசாகூட வரவில்லை என்றார். நிறுவனத் தரப்பு வேறு விளக்கம் கொடுத்தது. யார் சொல்வது சரி என்பது அவர்களுக்குள் தீர வேண்டிய கணக்கு. கோடிக்கணக்கான பேர் கேட்ட பாட்டுக்கு, அதை உண்டாக்கியவரே கையை விரித்துக் காட்ட வேண்டி வந்தது மட்டும் நமக்குப் போதும். அப்படிப் பார்த்தால் பெயர் அட்டையில் இருந்தவருக்கும் இல்லாதவருக்கும் அந்த ஒரு விஷயத்தில் சமத்துவம் கிடைத்திருக்கிறது என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. வருத்தம்தான் வருகிறது.

இங்கே இருக்கும் தம்பிகள் போனில் பீட் இறக்கி, போர்வைக்குள் தலையை விட்டுக் குரல் பதிவு செய்கிறவர்கள் என்று கேள்விப்பட்டேன். உங்களுக்குப் பயன்படும் இரண்டு சேதி. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் 57ஆவது பிரிவு இருக்கிறது. உரிமையை நீ விற்றுவிட்டாலும், இது நான் ஆக்கியது என்று சொல்லிக்கொள்ளும் உரிமை உன்னிடமே இருக்கும் என்கிறது. 2012இல் அந்தச் சட்டத்தைத் திருத்தினார்கள். இந்திப் பாடலாசிரியர் ஜாவேத் அக்தர் மாநிலங்களவையில் போராடிப் பேசியது அதற்காகத்தான். ஒலிப்பதிவில் இருக்கும் வரிக்கும் இசைக்கும் வருகிற ராயல்டியில் எழுதியவருக்கும் இசையமைத்தவருக்கும் உள்ள பங்கை, வாரிசுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ அன்றி வேறு யாருக்கும் எழுதிக் கொடுக்க முடியாது என்று ஆயிற்று. பாடுகிறவர், வாசிக்கிறவர் தன் பெயர் சொல்லப்பட வேண்டும் என்று கேட்கவும் அந்தத் திருத்தம் இடம் கொடுத்தது. ஐ.பி.ஆர்.எஸ். என்ற சங்கத்தில் வரி எழுதுகிறவர்களும் இசையமைக்கிறவர்களும் சேரலாம். யாராவது தாளை நீட்டி ‘எல்லா உரிமையும்’ என்று எழுதியிருந்தால், கையெழுத்துக்கு முன்பு இந்த இரண்டையும் நினைத்துக்கொள்ளுங்கள். பதிவு முடிந்த அன்றைக்கே, டீ குடித்துவிட்டுக் கலையும் முன்பு, யார் யார் என்ன செய்தோம் என்று ஒரு தாளில் எழுதி எல்லோரும் கையெழுத்துப் போடுங்கள். நட்பு நன்றாக இருக்கும்போது எழுதினால்தான் அது எழுத வரும்.

சட்டம் போகாத இடமும் உண்டு. உன் அப்பாயி பாடிய ஒப்பாரியை எடுத்துப் பாட்டில் சேர்க்கிறாய். அது யாருடையது என்று சட்டத்தைக் கேட்டால் ஆசிரியர் பெயர் தெரியாத நாட்டுப்பாடல், யாரும் எடுக்கலாம் என்று சொல்லும். 1994இல் ‘காதலன்’ படத்தில் ‘பேட்டை ராப்’ வந்ததே, அதில் தேனி குஞ்சரம்மாளின் குரல் இருக்கிறது. தமிழ்ச் சினிமாவின் முதல் ராப்புகளில் ஒன்றிலேயே ஒரு நாட்டுப்புறப் பாட்டுக்கார அம்மா இருந்தார், அவர் பெயரும் இருந்தது. மலையகத்தில் சி.வி. வேலுப்பிள்ளை தோட்டம் தோட்டமாக நடந்து மக்கள் பாடல்களைத் திரட்டினார், அவர் இல்லாவிட்டால் அந்தப் பாடல்களில் பாதி மண்ணோடு போயிருக்கும். திரட்டுவது பெரிய வேலைதான். அதைச் செய்தவன் என்ற முறையில்தான் சொல்கிறேன், "பாட்டு என்னுதா" என்று அந்த அம்மா கேட்டது அவருடைய பெருந்தன்மை. அதை நான் அனுமதியாக எடுத்துக்கொண்டது என் பிழை. பாட்டு அவருடையது இல்லாமல் இருக்கலாம். அந்தப் பாடுதல் அவருடையது. அந்த இழுப்பு, அரிவாள் விழுந்த அந்த இடம், அவருடையது.

நான் மறுபடி அந்த ஊருக்குப் போனேன். ‘என்ஜாய் எஞ்சாமி’ வந்த வருஷம்தான், ஊரடங்கு தளர்ந்ததும். அந்த அம்மா போய்ச் சேர்ந்து பதினோரு வருஷம் ஆகியிருந்தது. மகள் வீட்டில் பழைய குடும்ப அட்டையை எடுத்து வந்து காட்டினார்கள். அதில் பெயரைப் பார்த்தேன். இனிமேல் அந்தப் பாடல்கள் எங்கே அச்சானாலும் முதலில் அந்தப் பெயர் இருக்கும் என்று மகளிடம் சொன்னேன். "எங்கம்மா பாடுமா?" என்று அவர் கேட்டார். மகள் பிறப்பதற்கு முன்பிருந்து பாடியவர் அந்த அம்மா. மகளுக்குப் பாட்டு தெரியவில்லை. பதினெட்டில் நாலு பாட்டை என் நோட்டிலிருந்து அந்தத் திண்ணையில் உட்கார்ந்து வாசித்துக் காட்டினேன். மூன்றாவது பாட்டில் இரண்டாவது அடியை அவரே முடித்தார்.

தம்பிகள் செய்த பாட்டு இந்த ஒலிபெருக்கியில் தயாராக இருக்கிறது என்கிறார்கள். வெங்காயப் பட்டறையைப் பற்றியதாம். நடுவில் ஒரு ஆயா பாடுகிறாராம், அவரும் இங்கே வந்திருக்கிறார். முன்னால் வந்து உட்காருங்கள் ஆயா. பாட்டைப் போடுவதற்கு முன்னால், தம்பி, அந்தத் தாளில் எழுதியிருக்கும் பெயர்களை எல்லோருக்கும் கேட்கிற மாதிரி ஒருமுறை வாசியப்பா.